பாய்காட் நாளில் ஒரு பிடிவாரண்ட்

பாய்காட் அன்றைக்கு வாரண்ட் போட மாட்டார்கள். எந்தச் சட்டப் புத்தகத்திலும் இது இல்லை. ஆனால் எங்கள் கோர்ட் வாசலில் வடை சுடுகிறவருக்குக்கூடத் தெரியும். வக்கீல் சங்கம் கோர்ட்டைப் புறக்கணித்தால், பெஞ்ச் கிளார்க் அன்றைய கட்டு மொத்தத்துக்கும் ஒரே தேதியை எழுதி வாய்தா போட்டுவிடுவார். ஆள் வந்தாலும் ஒன்றுதான், வராவிட்டாலும் ஒன்றுதான். இருபது வருஷமாக அப்படித்தான் ஓடிக்கொண்டிருந்தது.

அதை நம்பித்தான் அந்தத் திங்கட்கிழமை சாயங்காலம் நான் பஞ்சவர்ணம் அக்காவுக்குப் போன் போட்டேன்.

"அக்கா, நாளைக்கு பாய்காட். நீங்க வர வேண்டாம்."

"நெசமாவா பாப்பா? லீவு எழுதிக் குடுத்துட்டனே. எட்மாஸ்டர் மூஞ்சியத் தூக்கி வச்சுக்கிட்டுல்ல கையெழுத்துப் போட்டாரு."

"அதைக் கிழிச்சுப் போட்டுட்டுப் போயி ஒலைய வைங்க."

"அப்பச் சரி. நான் இல்லாட்டி அந்த ஒதவியாளுப் பிள்ள முட்டை ஓட்டை உரிக்கிறேன்னு பாதி முட்டையவே பிச்சுப்புடும்." சிரித்தாள். "ஒன் வாயால நல்ல சேதி சொன்ன. நல்லாருப்ப."

நான் வக்கீலாகி இரண்டு வருஷம். தங்கமாரியப்பன் சாரிடம் ஜூனியர். சங்கத்துக்குச் செயலாளரும் அவர்தான். அக்காவின் கேஸ் பேருக்கு அவருடையது. வாய்தாவுக்கு வாய்தா தூக்கிக்கொண்டு திரிவது நான்.

கேஸ் என்று சொல்லவே கேவலமாக இருக்கும். ஆறு வருஷத்துக்கு முன்னால் ஒரு கோடையில், காலனிக்கு இருபது நாளாகத் தண்ணீர் விடவில்லை என்று பன்னிரண்டு பெண்கள் காலிக் குடத்தோடு ரோட்டில் உட்கார்ந்தார்கள். ஒரு பஸ் நாற்பது நிமிஷம் நின்றது. தாசில்தார் வந்தார், தண்ணீர் லாரி வந்தது, எல்லாரும் எழுந்து போனார்கள். கேஸ் மட்டும் எழுந்து போகவில்லை. சட்டவிரோதமாகக் கூடியது, வழியை மறித்தது. பதினோரு பேர் குற்றத்தை ஒத்துக்கொண்டு அபராதத்தைக் கட்டிவிட்டுப் போய்விட்டார்கள். அக்கா ஒத்துக்கொள்ளவில்லை. அவள் சத்துணவில் வேலை பார்க்கிறாள். தண்டனை என்று காகிதத்தில் ஏறிவிட்டால் வேலை போய்விடும்.

அந்த வேலை அவளுக்கு சும்மா வரவில்லை. எட்டு வருஷம் உதவியாளாகப் பாத்திரம் கழுவினாள். கழுவுகிறவரைக்கும் யாருக்கும் தொந்தரவு இல்லை. சமையலராக உத்தரவு வந்ததும்தான் ஊர்த்தெருவில் பதினேழு பேர் பிள்ளைகளுக்கு டி.சி. கேட்டு எழுதிக் கொடுத்தார்கள். காலனிக்காரி வடித்த சோற்றை எங்கள் பிள்ளை தின்னாது என்று. கலெக்டர் வந்து பிள்ளைகளோடு பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டு, போட்டோ எடுத்துக்கொண்டு போனார். டி.சி. கேட்டவர்கள் அடங்கினார்கள். மாறவில்லை. அக்கா ஒரு நாள் லீவு என்றால் போதும், ஊர்த்தெருவிலிருந்து ஒருத்தி எட்மாஸ்டர் முன்னால் வந்து "நான் வடிச்சு எறக்கட்டா சார்" என்று நிற்பாள். மூன்று வருஷமாக அக்காவுக்குக் காய்ச்சல்கூட வந்ததில்லை. வந்திருந்தாலும் சொல்லியிருக்க மாட்டாள். வாய்தா நாள் மட்டும்தான் லீவு. நாற்பத்து மூன்று வாய்தா, ஒன்றுகூடத் தவறவில்லை. கேஸ் போட்ட இன்ஸ்பெக்டர்தான் சாட்சி சொல்ல வரவேயில்லை. பதினோரு சம்மன் போனது. அவர் மேல் ஒரு நாளும் வாரண்ட் போகவில்லை. "அய்யா பந்தோபஸ்துல இருக்காக" என்று கோர்ட் ஏட்டு சவரிமுத்து சொல்லுவார், அதோடு சரி.

அந்த வாரம் பாய்காட் எதற்கென்றால், சார்பு நீதிமன்றத்தைப் பக்கத்து ஊருக்கு மாற்றப் போகிறார்களாம். செவ்வாய்க்கிழமை காலை கேட்டுக்கு முன்னால் நாங்கள் அறுபது பேர் நின்று கோஷம் போட்டோம். நானும் போட்டேன், நன்றாகக் கத்துவேன் என்று என்னை முன்னால் நிறுத்துவார்கள். நாங்கள் கத்திய சத்தத்தில் உள்ளே டவாலி மூன்று தரம் "பஞ்சவர்ணம், பஞ்சவர்ணம், பஞ்சவர்ணம்" என்று கூப்பிட்டது யார் காதிலும் விழவில்லை.

உள்ளே இருந்தது புது மாஜிஸ்திரேட். வந்து மூன்று வாரம்தான் ஆகியிருந்தது. வேறு மாவட்டம். எங்கள் கோர்ட்டின் இருபது வருஷ வழக்கம் அந்த அம்மாவுக்குத் தெரியாது. தெரிந்திருந்தாலும் கேட்டிருப்பார் என்று நான் நினைக்கவில்லை.

புதன்கிழமை டீக்கடையில் சவரிமுத்து ஏட்டு சொல்லித்தான் தெரியும்.

"என்ன வக்கீலம்மா, தொண்டை கட்டியிருக்கு? நேத்து நல்ல விளைச்சல் போல."

"என்ன விளைச்சல்?"

"முப்பத்தேழு என்.பி.டபிள்யூ. ஒரே நாள்ல. நான் இந்தக் கோர்ட்டுக்கு வந்து ஒம்பது வருசத்துல இப்படி ஒரு அறுப்பு பாத்ததில்ல. ஒங்க குடத்துக் கேஸும் அதுல இருக்கு."

ஜாமீனில் விட முடியாத பிடிவாரண்ட். பார்த்த இடத்தில் பிடிக்கலாம். நாற்பத்து மூன்று தரம் ஒழுங்காக வந்தவள் நாற்பத்து நாலாவது தரம் வரவில்லை என்றால், ஏன் வரவில்லை என்று ஒரு சம்மன் அனுப்பிக் கேட்கக் கூடாதா?

ஓடிப்போய் சாரிடம் சொன்னேன். சங்க அறையில் கேரம் ஆடிக்கொண்டிருந்தார்.

"வாரண்ட்ட ரத்துப் பண்ணச் சொல்லி ரீகால் பெட்டிஷன் போட்டா முடிஞ்சுது. இதுக்கு ஏம்மா இப்படி மூச்சு வாங்குற?"

"இன்னைக்கே போடட்டா சார்?"

ஸ்டிரைக்கரை வைத்துக் குறி பார்த்தபடியே சொன்னார். "வெள்ளிக்கிழமை வரைக்கும் பாய்காட்டு. தீர்மானம் போட்டு நாந்தான கையெழுத்துப் போட்டேன்? என் ஜூனியரே கறுப்புக் கோட்டோட உள்ள போனா என் மூஞ்சில காறித் துப்ப மாட்டானுக? ஆறு மாசம் சங்கத்துலருந்து தூக்கிருவாங்க, பாத்துக்க."

"அதுக்குள்ள போலீஸ் போயிருச்சுன்னா?"

"முப்பத்தேழு வாரண்ட்டையும் எடுத்துக்கிட்டு அவன் ஓடிருவானாக்கும். ஸ்டேஷன்ல ஜீப்புக்கு டீசலே கெடையாது. திங்கக்கெழமை பாத்துக்கலாம், போ."

நான் உள்ளே போகவில்லை. பயம்தான். சங்கத்தை விட்டு நீக்கினால் எந்த சீனியரும் சேர்க்க மாட்டான். எங்கள் தெருவிலிருந்து கோட்டுப் போட்ட முதல் ஆள் நான் என்பதால் திரும்பிப் போய் நிற்க எனக்கு இடமும் இல்லை. அக்காவிடமும் சொல்லவில்லை. சொன்னால் பதறுவாள் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். சொல்லியிருந்தால் அவளே நேராகப் போய்க் கூண்டில் நின்று "அம்மா, தெரியாம வராம இருந்துட்டேன்" என்று சொல்லியிருப்பாள். அவளுக்கு எந்தச் சங்கமும் கிடையாது.

முப்பத்தேழில் முதல் வாரண்டாக அவளுடையதை எடுத்துக்கொண்டு வெள்ளிக்கிழமை மத்தியானம் ஸ்டேஷன் ஜீப் பள்ளிக்கூடத்துக்குப் போனது. டீசல் எங்கிருந்து வந்தது, யார் போன் பண்ணி ஞாபகப்படுத்தினார்கள் என்று நான் அப்புறம் கேட்காத இடம் இல்லை. எல்லாரும் ஒரே பதில்தான் சொன்னார்கள். சட்டப்படி கடமை.

அக்கா அப்போது அண்டாவைக் கவிழ்த்து வைத்துவிட்டு அரிசி அறையைப் பூட்டிக்கொண்டிருந்தாளாம். பள்ளிக்கூடம் விடவில்லை. பிள்ளைகள் ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டிருக்க, ஒரு பெண் போலீஸ் கையைப் பிடித்து ஏற்றியிருக்கிறது. புருஷன் சன்னாசி அண்ணன் வேலை பார்க்கிற கரிமூட்டத்தில் இருந்து எனக்குப் போன் போட்டார்.

"தாயி, இவளக் கொண்டுட்டுப் போயிட்டாங்களாம். என்ன தப்புப் பண்ணுனா? ஒன்னக் கேக்காம அவ எதுவும் செய்ய மாட்டாளே தாயி."

கைது செய்ததாகக் குறிப்பில் எழுதியிருந்த நேரம் மூன்று நாற்பது. எனக்கு அந்த நேரம் முக்கியம். அரசு வேலையில் இருக்கிற ஒரு ஆள் நாற்பத்தெட்டு மணி நேரத்துக்கு மேல் காவலில் இருந்தால், யாரும் விசாரிக்க வேண்டியதில்லை, தானாகவே சஸ்பெண்ட். கொலைக்கும் அதே விதிதான், குடத்துக்கும் அதே விதிதான். வெள்ளி மூன்று நாற்பதிலிருந்து ஞாயிறு மூன்று நாற்பது. அதற்குள் அக்காவை வெளியே எடுத்தாக வேண்டும்.

நாலே முக்காலுக்குக் கோர்ட்டுக்குக் கொண்டுவந்தார்கள். கேட்டில் சங்கத்து ஆட்கள் இரண்டு பேர் இருந்தார்கள். "எங்கம்மா போற?" என்றார் ஒருவர். நான் அவரைத் தாண்டி உள்ளே போனேன். புதன்கிழமை போக வேண்டிய நடை அது.

ஹாலில் வக்கீல் யாரும் இல்லை. மேலே மாஜிஸ்திரேட், கீழே பெஞ்ச் கிளார்க். கூண்டுக்குப் பக்கத்தில் அக்கா. சேலையில் மஞ்சள்பொடிக் கறை. என்னைப் பார்த்ததும் முகம் தெளிந்தது. அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

"மேடம், அக்யூஸ்டுக்காக நான் ஆஜராகுறேன்."

மாஜிஸ்திரேட் நிமிர்ந்து பார்த்தார். என்னைவிட நாலைந்து வயதுதான் கூட இருக்கும். கண்ணுக்குக் கீழே கறுத்துக் கிடந்தது. "பாய்காட்டாச்சே? வெளிய உங்க குரல்தான் ஜாஸ்தி கேட்டுச்சு, செவ்வாக்கிழமை."

"என் மேலதான் தப்பு மேடம். வர வேண்டாம்னு நான்தான் அவங்ககிட்ட சொன்னேன். நாப்பத்து மூணு வாய்தா தவறாம வந்தவங்க. ஓடி ஒளியற ஆளு இல்ல. முதல்ல சம்மன், அதுக்கும் வரலேன்னா ஜாமீன்ல விடுற வாரண்ட், வேணும்னே ஒளியறாங்கன்னு கோர்ட்டுக்குப் பட்டாத்தான் பிடிவாரண்ட்னு உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கு மேடம். ஒரு ஆளோட சுதந்திரம்..."

"தெரியும்மா. ஜட்ஜ் பரீட்சையில அந்தத் தீர்ப்பப் பத்தி எனக்குக் கேள்வி வந்துச்சு. நல்லா எழுதினேன்." பேனாவைக் கீழே வைத்தார். "அதையே நான் உங்களக் கேக்குறேன். ஆறு வருஷக் கேஸு. பழைய கேஸெல்லாம் ஏன் முடிக்கலேன்னு மாசா மாசம் எனக்கு மேல இருந்து மெமோ வருது. நீங்க எல்லாரும் சேந்து வெளிய நிப்பீங்க, நான் காலி நாற்காலியப் பாத்துக் கும்பிடு போட்டு வாய்தா போடணுமா? உங்களுக்குப் பாய்காட் பண்ற சுதந்திரம் இருக்குல்ல, அதுக்கு வெலை யாரு குடுக்குறது?"

அவர் சொன்னது பொய் இல்லை. ஆனால் விலையைக் கொடுப்பது நானும் இல்லை, அவரும் இல்லை, சாரும் இல்லை. கொடுக்கிறவள் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தாள்.

"மேடம், இவங்க சத்துணவு சமையலர். நாப்பத்தெட்டு மணி நேரம் தாண்டினா சஸ்பெண்ட் ஆயிடுவாங்க. சொந்த ஜாமீன்ல விட்டாக்கூடப் போதும்."

"பெட்டிஷன் இருக்கா?"

"இப்பவே கையால எழுதித் தர்றேன்."

பெஞ்ச் கிளார்க் கடிகாரத்தைப் பார்த்தார். "அம்மா, ஸ்டாம்பு ஒட்டணும், நம்பர் போடணும், அரசு வக்கீல் ஏ.பி.பி.க்குக் காப்பி குடுக்கணும். அவரு நாலு மணிக்கே பஸ் ஏறிட்டாரு."

"வாயால சொல்றதெல்லாம் பெட்டிஷன் ஆகாதும்மா. நாளைக்கு ஒண்ணுன்னா மேல பதில் சொல்லப் போறது நானு. திங்கக்கிழமை வாங்க." மாஜிஸ்திரேட் வாரண்டின் பின்பக்கம் எழுத ஆரம்பித்தார். "அதுவரைக்கும் ரிமாண்ட்."

அக்கா என்னைப் பார்த்து மெதுவாகக் கேட்டாள். "என்ன சொல்றாக பாப்பா? வீட்டுக்குப் போகச் சொல்றாகளா?"

மறுநாள் இரண்டாவது சனிக்கிழமை. கோர்ட்டுக்கு விடுமுறை. ஆனால் அன்றைக்கு லோக் அதாலத் இருந்தது, மக்கள் நீதிமன்றம். விபத்து இழப்பீடு, பேங்க் கடன் எல்லாம் பேசித் தீர்க்கிற நாள். மாஜிஸ்திரேட் வருவார் என்று தெரிந்ததும் எனக்கு உயிர் வந்தது. ராத்திரியே அறையில் உட்கார்ந்து பெட்டிஷனை எழுதி, காலையில் கடை திறந்ததும் டைப் அடித்து, வக்காலத்து, ஸ்டாம்பு எல்லாவற்றோடும் ஒன்பதரைக்கே போய் நின்றேன். சன்னாசி அண்ணன் கரி அப்பிய வேட்டியோடு வந்திருந்தார். அவர் தம்பியும் மச்சானும் ஜாமீன் நிற்க வீட்டு வரி ரசீதோடு வந்திருந்தார்கள். எல்லாம் கையில் இருந்தது.

உள்ளே பேனர் கட்டி, மேஜை போட்டு, மாஜிஸ்திரேட் உட்கார்ந்திருந்தார். அவருக்குப் பக்கத்தில், அமர்வின் வக்கீல் உறுப்பினராக, தங்கமாரியப்பன் சார். கையில் டீ, தட்டில் பிஸ்கட்.

லோக் அதாலத்துக்கு மட்டும் பாய்காட்டிலிருந்து விலக்கு என்று சங்கத் தீர்மானத்தின் கடைசி வரியில் இருந்திருக்கிறது. இன்சூரன்ஸ் கேஸ் எல்லாம் அன்றைக்குத்தான் முடியும், பீஸ் அதில்தான் வரும். நான் கடைசி வரி வரைக்கும் படிக்கவில்லை. கோஷம் போடுகிறவர்களுக்கு அதைப் படிக்கக் கொடுப்பதும் இல்லை.

"மேடம், ரீகால் பெட்டிஷன். முறைப்படி எல்லாம் இருக்கு."

மாஜிஸ்திரேட் பெட்டிஷனைத் தொடவில்லை. ஆனால் படித்தார், மேஜையில் கிடந்தபடியே, முதல் பக்கம் முழுக்க. "இன்னைக்கு நான் இங்க மாஜிஸ்திரேட்டா உக்காரலம்மா. இது லோக் அதாலத். சமரசம் பேசலாம், வாரண்ட் ரீகால் பண்ண முடியாது."

"அஞ்சு நிமிஷம் மேடம். சேம்பர்ல வந்து..."

"கேஸ் கட்டு ஆபீஸ்ல பூட்டிக் கெடக்கு. ஹெட் கிளார்க் லீவு. கட்டுப் பாக்காம எப்படி உத்தரவு போடுறது?"

"நேத்து வரைக்கும் கட்டுல என்ன இருக்குன்னு நான் மனப்பாடமா சொல்றேன் மேடம். செவ்வாக்கிழமை நீங்க அந்தக் கட்டப் பாத்திருந்தா அந்த வாரண்டே வந்திருக்காது."

மாஜிஸ்திரேட்டின் முகம் சிவந்தது. சார் டீயை வைத்தார்.

"ஏம்மா, என்ன பேச்சு இது? வெளிய போய் நில்லு. இங்க செட்டில்மெண்ட் நடக்குது, தெரியல? மேடம், சின்னப் பொண்ணு, மனசுல வச்சுக்காதீங்க."

"சார், நம்ம கட்சிக்காரங்க சார்."

"திங்கக்கெழமைன்னு சொன்னேன்ல? ரெண்டு நாள்ல ஒலகம் முழுகிருமா?"

வராந்தாவில் வந்து நின்றேன். சன்னாசி அண்ணன் எழுந்து வந்தார். என் முகத்தைப் பார்த்துவிட்டு வரி ரசீதை மடித்து மறுபடியும் பிளாஸ்டிக் பையில் போட்டார்.

அங்கிருந்து நேராக மாவட்டத் தலைநகருக்குப் பஸ் ஏறினேன். செஷன்ஸ் நீதிபதியும் லோக் அதாலத்தில்தான் இருந்தார். ஜாமீன் மனுவை அவருடைய அலுவலகத்தில் ஒருவர் வாங்கிப் பார்த்துவிட்டு, "கீழ்க்கோர்ட்டுல தள்ளுபடி ஆன உத்தரவு எங்க?" என்றார். தள்ளுபடி ஆகவில்லை, மனுவையே வாங்கவில்லை என்றேன். "அப்ப வாங்கினதுக்கு அப்புறம் தள்ளுபடி பண்ணச் சொல்லி, அந்தக் காப்பியோட வாங்க" என்றார். கிண்டல் செய்யவில்லை, உதவி செய்கிற குரலில்தான் சொன்னார்.

பெண்கள் கிளைச் சிறை அங்கேயேதான். மூன்று மணிக்கு விட்டார்கள். கம்பிவலைக்கு அந்தப் பக்கம் அக்கா வந்தாள். கம்மலும் மூக்குத்தியும் இல்லாமல் அவள் முகம் வேறு யாருடையதோ மாதிரி இருந்தது.

"இங்க சோறு எப்படின்னு கேளு" என்றாள்.

"எப்படி?"

"கல்லு. அரிசியக் களையவே இல்ல. நான் போய் வடிச்சுத் தரட்டுமான்னு கேட்டேன். வார்டர் அம்மா 'இவளப் பார்றா, வந்த அன்னைக்கே சமையக்கட்டக் கேக்குறா'ன்னுச்சு." சிரிக்கப் பார்த்தாள். வரவில்லை. "பாப்பா, அரிசி ரூம்புச் சாவி என் முந்தானையில முடிஞ்சிருந்துச்சு. இங்க வாங்கி ஒரு கவர்ல போட்டு வச்சுக்கிட்டாக. திங்கக்கெழம காலையில எட்மாஸ்டர் என்ன பண்ணுவாரு? பிள்ளைகளுக்கு ஒல வைக்கணுமே."

"சாவியக் கேட்டுப் பாக்குறேன்க்கா."

"கேட்டுப் பாத்துட்டேன். கைதி வெளிய போறப்பத்தான் தருவாகளாம்." கம்பிவலையில் விரலை வைத்தாள். "நாளைக்கு வெளிய வந்துருவனா?"

நாற்பத்தெட்டு மணி நேரக் கணக்கு அவளுக்கும் தெரியும். இரண்டு வருஷமாக நான்தானே சொல்லிச் சொல்லி வைத்திருக்கிறேன், வேலை போகக் கூடாது என்றுதானே குற்றத்தை ஒத்துக்கொள்ளாதீர்கள் என்றேன். "பாக்குறேன்க்கா" என்றேன். நேரம் முடிந்தது என்று வார்டர் கூப்பிட, அக்கா போகும்போது திரும்பி, "நீ சாப்புட்டியா?" என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை மாஜிஸ்திரேட்டின் குவார்ட்டர்ஸ் பூட்டிக் கிடந்தது. சொந்த ஊருக்குப் போயிருக்கிறார் என்றார் வாட்ச்மேன். சார் போனை எடுக்கவில்லை. சங்கத் தலைவர் எடுத்தார், "பாய்காட்ட நீட்டிக்கலம்மா, நாளைக்கு எல்லாரும் உள்ள போலாம்" என்று சந்தோஷமாகச் சொன்னார். மூன்று நாற்பது ஆனபோது நான் பஸ் ஸ்டாண்டில் நின்றுகொண்டிருந்தேன். ஒன்றும் நடக்கவில்லை. பஸ் வந்தது, ஏறினேன்.

திங்கட்கிழமை கோர்ட் கல்யாண வீடு மாதிரி இருந்தது. அத்தனை கறுப்புக் கோட்டும் உள்ளே. செவ்வாய்க்கிழமை வாரண்டுகளுக்கு வரிசையாக ரீகால் பெட்டிஷன். பெஞ்ச் கிளார்க் ஒவ்வொன்றாக நீட்ட நீட்ட, மாஜிஸ்திரேட் கையெழுத்துப் போட்டுக்கொண்டே போனார். ரீகால்ட். ரீகால்ட். போலீஸ் தேடிப் போகாத முப்பத்தாறு பேரும் வக்கீலோடு நடந்து வந்து, நடந்து போனார்கள்.

அக்காவைச் சிறையிலிருந்து கொண்டுவந்து பின்வரிசையில் உட்காரவைத்திருந்தார்கள். எங்கள் முறை பதினொன்றே காலுக்கு வந்தது.

"இனிமே ஒழுங்கா வரணும்மா" என்றார் மாஜிஸ்திரேட், நிமிராமல். கையெழுத்துப் போட்டார். நான் ஒரு வார்த்தை பேசவில்லை. பேசத் தேவைப்படவும் இல்லை. அவ்வளவுதான். ஒரு நிமிஷம் ஆகியிருக்காது.

அதற்குள் சன்னாசி அண்ணனுக்குப் போன் வந்திருந்தது. பள்ளிக்கூடத்தில் அரிசி அறைப் பூட்டை உடைத்தாகிவிட்டது. ஊர்த்தெருவிலிருந்து பேச்சியம்மாள் வந்து உலை வைத்திருக்கிறாள். பஞ்சாயத்து யூனியன் ஆபீஸிலிருந்து எட்மாஸ்டருக்குக் காகிதம் வந்துவிட்டது: நாற்பத்தெட்டு மணி நேரத்துக்கு மேல் நீதிமன்றக் காவலில் இருந்தபடியால். இன்ஸ்பெக்டருக்கு ஆறு வருஷத்தில் பதினோரு சம்மன் போய்ச் சேரவில்லை. இந்தக் காகிதம் திங்கட்கிழமை ஆபீஸ் திறந்த ஒரு மணி நேரத்தில் போய்ச் சேர்ந்தது.

அண்ணன் அதை அக்காவின் காதில் சொன்னார். அவள் கேட்டுக்கொண்டாள். தலையை ஆட்டினாள். பிறகு என்னைக் கையசைத்துக் கூப்பிட்டாள்.

"பாப்பா, மத்த பதினோரு பேரும் என்னமோ சொல்லி முடிச்சாகளே, அத நானும் சொல்லிர்றேன்."

"அக்கா, வேண்டாம். சஸ்பெண்ட்தான் ஆகியிருக்கு. கேஸ்ல ஜெயிச்சா திரும்ப எடுக்கணும், சட்டம் இருக்கு. இப்ப ஒத்துக்கிட்டா மொத்தமாப் போயிரும்."

"எப்ப ஜெயிக்கிறது?"

"இன்ஸ்பெக்டர் வந்து சாட்சி சொன்னதும்..."

"அவரு வருவாரா?"

நான் கையிலிருந்த கட்டைப் புரட்டினேன்.

"இந்தக் கேசு இருக்கங்காட்டியும் என் பேரு அந்தக் காகிதத்துல இருக்கும். எவன் எப்ப வந்தாலும் கையப் புடிச்சு ஏத்துவான். பிள்ளைக எல்லாம் சன்னல்ல நின்னு பாத்துச்சு பாப்பா. அதுல மூணு பிள்ள எனக்குப் பேத்தி மொற." குரலைத் தாழ்த்தினாள். "பேச்சியம்மா ஒருக்கா கரண்டியப் புடிச்சுட்டா, இனி என்னைய உள்ள விட மாட்டாக. ஒனக்கும் தெரியும், எனக்கும் தெரியும். வேலதான் போச்சு. கேசையாவது போக விடு."

"அக்கா, நான் சொல்றதக் கேளுங்க."

என்னை நிமிர்ந்து பார்த்தாள். கோபம் இல்லை. இருந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். "நீ சொன்னதக் கேட்டுத்தான பாப்பா வராம இருந்தேன்."

மத்தியானத்துக்கு முன்னால் கேஸை மறுபடி கூப்பிட்டார்கள். அக்கா கூண்டில் ஏறி நின்றாள். குற்றச்சாட்டை கிளார்க் படித்தார். நான் எழுந்து, "மேடம், கட்சிக்காரர் மன உளைச்சல்ல இருக்காங்க, ஒரு வாரம் டைம் வேணும்" என்றேன்.

"அக்யூஸ்ட் பேசட்டும்மா." மாஜிஸ்திரேட் அக்காவைப் பார்த்தார். முதல் தடவையாக முழுதாகப் பார்த்தார் என்று நினைக்கிறேன். "யாராவது பயமுறுத்தி ஒத்துக்கிறீங்களா?"

"இல்லம்மா."

"நீங்களா, சுயமா, விருப்பப்பட்டு ஒத்துக்கிறீங்களா?"

"ஆமாம்மா. விருப்பப்பட்டுத்தான்."

அதையும் கிளார்க் எழுதிக்கொண்டார். அபராதம். அத்தோடு கோர்ட் கலையும் வரை காவல். ஆறு வருஷக் கேஸ் ஒன்று முடிந்தது. மாஜிஸ்திரேட் கட்டை மூடிப் பக்கத்தில் வைத்தபோது அவர் தோள் கொஞ்சம் இறங்கியது. மேலே அனுப்பும் கணக்கில் ஒன்று கூடும்.

அபராதத்தைக் கட்டிவிட்டு வந்தபோது அக்கா ஹாலின் கடைசி பெஞ்சில், சுவரோரமாக உட்கார்ந்திருந்தாள். பக்கத்தில் பெண் போலீஸ் ஒன்று போனைப் பார்த்துக்கொண்டிருந்தது. நான் அக்காவுக்குப் பக்கத்தில் உட்காரப் போனேன்.

"நீ போ பாப்பா. ஒன்னைய முன்னால தேடுறாக."

சார்தான் தேடிக்கொண்டிருந்தார். அடுத்த கேஸுக்கு வாய்தா கேட்க வேண்டும் என்று கட்டை நீட்டினார். வாங்கிக்கொண்டு போய் நின்றேன். கேட்டேன், கொடுத்தார்கள்.

திரும்பிப் பார்த்தபோது அக்கா பெண் போலீஸிடம் ஏதோ கேட்டுக்கொண்டிருந்தாள். அது போனிலிருந்து கண்ணை எடுக்காமல், "வெளிய எல்லாம் போகக் கூடாது, கோர்ட் முடியட்டும்" என்றது. மணி பன்னிரண்டரை. எங்கள் கோர்ட் கலைய ஆறு மணி ஆகும்.